வேலூர்க் கோட்டையில் கதை சொல்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன ஞாயிற்றுக்கிழமை அகழியோரம் ஒரு தம்பி கல்லூரி மாணவர்களுக்குக் கோட்டையின் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். நல்ல குரல். ஆனால் ஆரம்ப காலத்தில் நான் உளறியதில் ஒன்று தவிர எல்லாம் வரிசை மாறாமல் அவர் வாயிலிருந்து வந்தது. தேதி தடுமாறுவது, பெயர் மறப்பது யாருக்கும் நேரும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

கொழுப்புத் தோட்டாவை 1806-க்கு இழுத்து வருவது

இதைக் கேட்டால் இன்றும் எரிச்சல் வருகிறது. பசு, பன்றிக் கொழுப்பு தடவியதாகப் பேசப்பட்ட தோட்டா 1857 சிப்பாய்க் கலகத்தின் விவகாரம். அதற்கான என்ஃபீல்டு துப்பாக்கியே 1850-களில்தான் வந்தது. 1806-இல் வேலூர்க் கோட்டையில் இந்தியச் சிப்பாய்கள் ஆங்கிலேயரை எதிர்த்த புரட்சி தலைப்பாகையால் மூண்டது. தொப்பி போன்ற புதிய தலைப்பாகை, அதில் தோலால் செய்த சின்னம். அது பசுத்தோலா, பன்றித்தோலா என்ற சந்தேகம் வேறு; குழப்பம் இங்கேதான் தொடங்குகிறது. போதாக்குறைக்கு அணிவகுப்பில் நெற்றிக் குறியும் கடுக்கனும் கூடாது என்றார்கள். மே மாதத்தில் மறுத்தவர்களில் ஓர் இந்துவுக்கும் ஒரு முஸ்லிமுக்கும் ஆளுக்கு 900 கசையடி விதித்தார்கள். ஜூலை 10 விடியும் முன்பே சிப்பாய்கள் எழுந்துவிட்டார்கள். அன்று காலையே ஆற்காட்டிலிருந்து குதிரைப்படையோடு வந்த பிரிட்டிஷ் தளபதி கில்லெஸ்பி அடக்கினார்.

என் முதல் கையேட்டில் தோட்டா என்றே அச்சிட்டேன், 500 பிரதிகள். ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் நின்றபடியே படித்துவிட்டு, “தம்பி, நடுவில் 51 வருஷத்தை எங்கே தொலைத்தீர்கள்?” என்றார். வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து அந்த வரியின்மேல் வெள்ளைத் தாள் ஒட்டினோம். மைதாப் பசை காய்ந்ததும் தாள் சுருங்கி, ஓரத்தில் ‘கொழுப்பு’ மட்டும் எட்டிப் பார்த்தது. பாதிக்கு மேல் பழைய பேப்பர் கடைக்குப் போயிற்று.

இப்போது யாராவது ஒருவர் தலையில் துண்டைக் கட்டி, பழைய பெல்ட்டிலிருந்து வெட்டிய தோலை அதில் செருகிக் காட்டுகிறேன். உடனே கையை உயர்த்தி அதைத் தடவிப் பார்ப்பார்கள். பிறகு தோட்டாவைப் பற்றி யாரும் கேட்பதில்லை.

திப்புவைக் கோட்டையில் அடைப்பது

அவர் 1799-இலேயே ஸ்ரீரங்கப்பட்டணத்தில் இறந்துவிட்டார். இங்கே இருந்தவர்கள் பிள்ளைகளும் குடும்பத்தாரும்.

கண்டி மன்னரைப் புரட்சியில் சேர்ப்பது

இலங்கையின் கண்டியை ஆண்ட ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கரும் இங்கே சிறை இருந்தவர்தான்; ஆனால் அவர் பிடிபட்டதே 1815-இல்.

மூன்று கதவுத் தட்டல்களை வேலூருக்கு மாற்றுவது

வேலூர் சி.எம்.சி. மருத்துவமனையை நிறுவிய ஐடா ஸ்கடரின் வீட்டுக்கு ஒரே இரவில் மூன்று பேர் வந்து பிரசவத்துக்குப் பெண் மருத்துவர் கேட்டதும், ஆண் மருத்துவர் வேண்டாம் என்று திரும்பியதும், அந்த மூன்று பெண்களும் இறந்ததும் திண்டிவனத்தில். அதன் பிறகு ஐடா மருத்துவம் படித்துவிட்டு வேலூரில் ஒற்றைப் படுக்கையோடு தொடங்கியது 1900-இல். அந்தத் தம்பி இதை மட்டும் சரியாகச் சொன்னார். விசாரித்தேன், சொந்த ஊர் திண்டிவனமாம்.