மூடப்பட்ட விமான நிலையத்தின் வரலாற்றை அளந்தெடுப்பது எப்படி?

ஆந்திர-தமிழக எல்லையோரச் சத்தியவேட்டில் முப்பது ஆண்டுகள் நில அளவையராக இருந்தேன். தெலுங்குப் பத்திரம் ஒன்று சொல்லும், தமிழ் பேசும் விவசாயி வேறொன்று சொல்வார். நான் முதலில் வரப்பில் இறங்கி நடப்பேன். சீனாவின் குன்மிங் நகரில் ராணுவமும் பயணிகளும் பயன்படுத்திய வூஜியாபா விமான நிலையத்தைத் தேடியபோதும் அதையே செய்தேன்.

கூகுள் எர்த் ப்ரோவில் குன்மிங்கின் தென்கிழக்குப் பகுதிக்குச் செல்லுங்கள். கடிகாரப் பொத்தானை அழுத்தி 2012-க்கு முந்தைய படத்தை எடுங்கள். வடகிழக்காகச் சாய்ந்த ஓடுதளம் தெரியும். அளவுகோலை இழுத்தால் ஏறக்குறைய 3,400 மீட்டர் வரும். இரு முனைகளிலும் குறியிட்டு இன்றைய படத்துக்குத் திரும்புங்கள். சங்கிலி போட்டு அளந்த கோடு கையில் இருந்தால், மேலே என்ன கட்டினாலும் இடம் தப்பாது.

அடுத்தது பெயர். இதில்தான் எனக்கு இரண்டு நாட்கள் வீணாயின. 2012 ஜூன் 28 அன்று வூஜியாபா மூடப்பட்டு, சாங்ஷுய் விமான நிலையம் திறந்தது. கே.எம்.ஜி என்ற மூன்றெழுத்து விமான நிலையக் குறியீடும் அங்கே போய்விட்டது. நம் ஊரில் சர்வே நம்பர் நிலத்தோடு கிடக்கும். இங்கே நம்பரே குடிபெயர்ந்துவிட்டது. ஆகவே குறியீட்டை வைத்துத் தேடாதீர்கள். இரண்டாம் உலகப் போர்க்கால ஆவணங்களில் 'குன்மிங்' என்று மட்டும் இருந்தாலும் ஒதுக்காதீர்கள்.

பிறகு ஆண்டுகளை அடுக்குங்கள். குன்மிங்கைத் தலைநகராகக் கொண்ட யுன்னான் மாகாணத்தை ஆண்ட தாங் ஜியாவ், 1922-இல் வூஜியாபாவில் விமானப் பள்ளியைத் தொடங்கினார். கொரியாவின் முதல் பெண் விமானி குவோன் கி-ஓக் அந்தப் பள்ளியில் 1925-இல் தேர்ந்தவர். 1941 டிசம்பர் 20 அன்று, ஷெனால்ட் தலைமையிலான அமெரிக்கத் தன்னார்வ விமானிகளான 'பறக்கும் புலிகள்', ஜப்பானியரிடமிருந்து குன்மிங்கைக் காக்கத் தங்கள் முதல் சண்டையைப் போட்டார்கள். 1942-இல் சீனாவுக்குச் சரக்கு வந்த பர்மா சாலை துண்டிக்கப்பட்டதும், அசாமிலிருந்து விமானங்களில் இமயமலையைத் தாண்டிச் சரக்கு வந்தது. 1945 வரை ஏறக்குறைய 6,50,000 டன்.

போர்க்காலப் புகைப்படங்களில் விமானத்தை விட்டுவிட்டுத் தரையைப் பாருங்கள். அன்றைய சீன ஓடுதளங்களில் ஆளுயரத்துக்கு மேலான கல் உருளையை நூற்றுக்கணக்கான கிராமத்தார் கயிறு கட்டி இழுக்கிறார்கள். எல்லார் உடலும் ஒரே பக்கம் சாய்ந்திருக்கிறது. எங்கள் பக்கத்துச் சோழவரம் போர்க்கால ஓடுதளத்துக்கு ஜல்லி உடைத்தவர் என் தாத்தா. அவர் பெயர் நான் பார்த்த எந்தக் கோப்பிலும் இல்லை. ஆகையால் உங்கள் குறிப்பேட்டில் தளபதிகளின் பெயருக்கு மேலே அந்தக் கல் உருளைப் படத்தை ஒட்டுங்கள்.