மெசேஜ்ல பேங்க் பெயர் இருந்தா அது பேங்க் அனுப்பினதா?

வெள்ளவத்தையில இருக்கிற எங்கட சித்திக்கு போன மாசம் "உங்கட பார்சல் வந்திருக்கு, அட்ரஸ் பிழை, 85 ரூபா கட்டுங்கோ" எண்டு ஒரு மெசேஜ், மேல தபால் கந்தோர் பெயர், அவவும் மகள் லண்டனில இருந்து அனுப்பின பார்சலைப் பாத்துக்கொண்டிருந்தவ, உடன லிங்கைத் தட்டி கார்ட் நம்பரைப் போட்டுட்டா. 85 ரூபாக்கு ஆர் யோசிப்பினம்? மெசேஜை அனுப்பின கள்ளருக்கு வேண்டியது அந்தக் காசு இல்லை, கார்ட் விபரம்.

எஸ்எம்எஸ்ஸில மேல தெரியிற பெயர் அனுப்புற பக்கத்தில போடுற சொல்லு, 11 எழுத்து வரைக்கும் போடலாம். கள்ளன் உங்கட பேங்கின்ர பெயரையே போட்டு அனுப்பினா போன் அதை பேங்கின்ர பழைய உண்மையான மெசேஜுகளுக்குக் கீழயே கொண்டுபோய் வைக்கும், ஏனெண்டா அது பெயரைப் பாத்துத்தான் அடுக்குது. கனபேர் ஏமாறுறது இங்கதான்.

சில மெசேஜுகளில பெயருக்குப் பக்கத்தில வாற வெரிஃபைட் டிக் எண்டுறது வேற. அது ஆர்சிஎஸ் எண்டுற, எஸ்எம்எஸ்ஸுக்குப் பிறகு வந்த புது வகை மெசேஜுகளில வாறது, கம்பனியை சரிபாத்த பிறகு ஆப் தானே பெயருக்குப் பக்கத்தில காட்டும். மெசேஜுக்குள்ள டிக் ஸ்மைலி இருந்தா, ப்ரொஃபைல் படத்தில டிக் கீறியிருந்தா அதுக்கு ஒரு பெறுமதியும் இல்லை. சாதாரண எஸ்எம்எஸ்ஸில டிக் வராது, அதனால டிக் இல்லாததெல்லாம் பொய் எண்டும் இல்லை.

அப்ப என்ன செய்யிறது? லிங்கைத் தொடாம நீங்களே பேங்க் ஆப்பைத் திறந்து பாருங்கோ. லிங்கை வாசிக்கிறதெண்டா முதல் ஒற்றை ஸ்லாஷுக்கு முன்னால இருக்கிற கடைசித் துண்டைப் பாருங்கோ, அரசாங்க சைட் பெரும்பாலும் ஜிஓவி டாட் எல்கே (.gov.lk) எண்டுதான் முடியும், அந்தச் சொல்லு நடுவில கிடந்து கடைசியில டாட் டாப் (.top) எண்டு முடிஞ்சா அது கள்ளரிட சைட். ஐபோனில "ஒய் (Y) எண்டு ரிப்ளை பண்ணிட்டு லிங்கைத் திறவுங்கோ" எண்டு வந்தா ரிப்ளை பண்ணவே வேண்டாம், தெரியாத ஆக்கள் அனுப்புற லிங்கை ஐபோன் தடுத்து வச்சிருக்கும், நீங்க ரிப்ளை பண்ணினா அந்தத் தடை போயிடும். ஓடிபியை ஆர் கேட்டாலும் குடுக்காதேங்கோ, பேங்கில இருந்து கதைக்கிறம் எண்டு சொன்னாலும்தான்.

கார்ட் விபரம் குடுத்திட்டீங்களெண்டா வெக்கப்பட்டுக்கொண்டு இருக்காதேங்கோ, கார்டுக்குப் பின்னால இருக்கிற நம்பருக்கு உடன அடிச்சு கார்டை நிப்பாட்டுங்கோ, பிறகு 101க்கு எடுத்து இலங்கை சேர்ட்டுக்கு (Sri Lanka CERT, இணையப் பாதுகாப்பைப் பாக்கிற அரசாங்க நிறுவனம்) சொல்லுங்கோ. மெசேஜை அழிக்க முதல் ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கோ. சித்தி பதட்டத்தில அழிச்சிட்டா, பேங்கில எத்தனை மணிக்கு வந்தது, என்ன லிங்க் எண்டு கேக்க அவவுக்கு சொல்லத் தெரியேல்ல.