கிரின் கிகியின் கைகள்: ஒரு ஜப்பானிய நடிகையின் அரை நூற்றாண்டைப் பார்க்கும் முறை

ஒரு நடிகையின் கலைவாழ்க்கையை முழுமையாக அறிய விரும்புகிறவர்கள் பொதுவாக அவருடைய முதல் படத்தில் தொடங்கிக் கடைசிப் படம்வரை வரிசையாகப் பார்த்து வருவார்கள். ஜப்பானிய நடிகை கிரின் கிகியின் விஷயத்தில் அந்த வழி உதவாது என்பது என் கருத்து. 1964-ல் தொலைக்காட்சியில் தோன்றத் தொடங்கி, 2018 செப்டம்பர் 15 அன்று தமது 75-ஆம் வயதில் மறையும்வரை நடித்துக்கொண்டிருந்தவர் அவர். முற்பாதியில் அவரை வளர்த்தது தொலைக்காட்சி. ஜப்பானுக்கு வெளியே அவருக்குப் பெயர் வாங்கித் தந்ததோ அறுபது வயதைத் தாண்டிய பின் அவர் நடித்த திரைப்படங்கள். எனவே கடைசியிலிருந்து தொடங்கிப் பின்னோக்கிச் செல்லுங்கள். அப்படிச் செல்லும்போது முகத்தைக் காட்டிலும் கைகளைக் கவனியுங்கள். அவர் ஏற்ற பெண்கள் வாயால் சொல்லாத பல செய்திகளை அவருடைய விரல்கள் சொல்லிவிடுகின்றன என்பதைப் பத்து ஆண்டுகளாகத் திரும்பத் திரும்பப் பார்த்து உணர்ந்த பிறகே இதை எழுதுகிறேன்.

தேடத் தொடங்கும் முன் பெயரைத் தெளிவுபடுத்திக்கொள்ள வேண்டும். ஜப்பானியர்கள் குடும்பப் பெயரை முன்னால் எழுதுவதால் அங்கே அவர் ‘கிகி கிரின்’. வெளிநாட்டுப் பட்டியல்களில் ‘கிரின் கிகி’. ஆனால் 1977-க்கு முந்தைய தொடர்களின் பெயர்ப் பலகையில் இந்த இரண்டையும் காண முடியாது. அதுவரை அவருடைய மேடைப்பெயர் யூகி சிஹோ. ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பிரபலங்கள் தங்கள் பொருள்களை ஏலம் விட்டபோது, விற்பதற்கு வேறொன்றும் இல்லையென்று தம் பெயரையே அவர் ஏலத்தில் விட்டார். அதன் பின் வைத்துக்கொண்டதுதான் கிகி கிரின் என்ற பெயர். அதை எழுதும் நான்கு எழுத்துகளில் மூன்று மரத்தையும் தோப்பையும் குறிப்பவை. பழைய தொடர்களைத் தேடுகிறவர்கள் ‘யூகி சிஹோ’ என்று தேடாவிட்டால் அவருடைய முதல் பதின்மூன்று ஆண்டுகளைத் தவறவிடுவார்கள்.

பார்க்கும் முறையைப் பற்றி ஒரு வார்த்தை. ஒவ்வொரு படத்தையும் முதலில் துணைத்தலைப்புகளுடன் முழுமையாகப் பாருங்கள். பிறகு அவர் சமைக்கும், பின்னும், உண்ணும் காட்சிகளில் ஒன்றிரண்டைத் துணைத்தலைப்பை அணைத்துவிட்டு மறுபடியும் பாருங்கள். எழுத்தைப் படிக்கும் கண் திரையின் அடிப்பகுதியிலேயே தங்கிவிடுகிறது; கிகியின் நடிப்போ பெரும்பாலும் சாப்பாட்டு மேசையின் மீதும் அடுப்பங்கரையிலும் நடக்கிறது. இந்த ஒரு பழக்கத்தை ஏற்படுத்திக்கொண்டால் போதும், மற்றவை தாமே பிடிபடும்.

முதலாவதாகப் பார்க்க வேண்டியது 2018-ல் வெளிவந்த ‘ஷாப்லிஃப்டர்ஸ்’. ஹிரோகாசு கொரேதா இயக்கிய இந்தப் படம் அவ்வாண்டு கான் திரைப்பட விழாவில் தங்கப் பனை விருதைப் பெற்றது. இடிந்து விழும் நிலையிலுள்ள ஒரு வீட்டில், இரத்த உறவில்லாத சிலரைச் சேர்த்து வைத்துக்கொண்டு வாழும் ஹத்சுஎ என்ற மூதாட்டியாகக் கிகி நடித்திருக்கிறார். இந்தப் பாத்திரத்துக்காக அவர் தம் பல்செட்டைக் கழற்றி வைத்தார். தலைமுடியையும் ஒழுங்குபடுத்தாமல் வளரவிட்டார். எல்லோரும் சேர்ந்து கடற்கரைக்குப் போகும் காட்சியில் சற்று நிதானியுங்கள். மற்றவர்கள் கைகோத்து அலையைத் தாண்டிக் குதித்து விளையாடிக்கொண்டிருக்க, அவர் மணலில் தனியே அமர்ந்து, தம் காலில் படர்ந்திருக்கும் முதுமைப் புள்ளிகளைப் பார்த்து, அவற்றின் மேல் மணலை அள்ளிப் போடுகிறார். பிறகு அவர்களைப் பார்த்துக்கொண்டே, குரல் எழாமல் உதடுகளை மட்டும் அசைத்து நன்றி சொல்கிறார். அந்த நன்றி திரைக்கதையில் எழுதப்பட்டதன்று. கிகி தாமாகச் செய்தது. படத்தொகுப்பின்போதுதான் கொரேதா அதைக் கவனித்தார். படப்பிடிப்பின் தொடக்க நாள்களிலேயே இப்படியொரு முடிவை அவர் தந்துவிட்டதால், அந்தக் கணத்தை நோக்கியே மற்றக் காட்சிகளை இயக்குநர் அமைத்துக்கொண்டார். இதை அறிந்த பின் அக்காட்சியை மீண்டும் பார்ப்பது வேறோர் அனுபவம்.

கொரேதாவின் ஆறு படங்களில் கிகி நடித்திருக்கிறார். ஆறையும் தேடி ஓட வேண்டிய அவசியமில்லை. சிலவற்றில் அவருக்குச் சிறிய வேடமே. ‘ஆஃப்டர் தி ஸ்டார்ம்’ (2016) படத்தை அடுத்ததாக வைத்துக்கொள்ளுங்கள். கொரேதா தாம் இளமையில் வசித்த கியோசே நகரின் அடுக்குமாடிக் குடியிருப்பிலேயே படமாக்கிய கதை அது. கணவனை இழந்த தாய், கால்பிஸ் என்னும் பால் பானத்தைக் கண்ணாடிக் குவளைகளில் ஊற்றி உறைய வைத்து, வீட்டுக்கு வரும் நடுத்தர வயது மகனுக்குத் தருகிறாள். கல்லாக உறைந்த அதை இருவரும் கரண்டியால் சுரண்டிச் சுரண்டித் தின்கிறார்கள். அந்தச் சுரண்டலின் ஓசையில், அந்த வீட்டின் பணநெருக்கடியும் மகன்மேல் அவளுக்குள்ள வாஞ்சையும் ஒருசேர வெளிப்படுகின்றன.

மூன்றாவது படத்துக்கு ஒரு முழு மாலைப்பொழுதை ஒதுக்குங்கள். நவோமி கவாசே இயக்கி 2015-ல் வெளியான ‘ஸ்வீட் பீன்’, அந்த ஆண்டு கான் விழாவின் ‘அன் செர்டன் ரிகார்ட்’ பிரிவைத் தொடங்கி வைத்த படம். ஜப்பானிய மொழியில் அதன் பெயர் ‘அன்’. இனிப்புப் பூரணத்தைக் குறிக்கும் சொல் அது. நமது தட்டைப்பயற்றின் இனத்தைச் சேர்ந்த அசுகி என்ற சிறிய சிவப்புப் பயற்றை வேகவைத்துச் சர்க்கரை சேர்த்துக் கிளறி, இரண்டு சிறு அப்பங்களுக்கு நடுவே வைத்தால் ‘தொராயாகி’. அதை விற்கும் ஒரு சிறு கடைக்கு வேலை கேட்டு வருகிறாள் தொகுஎ என்ற மூதாட்டி. அவளுடைய விரல்கள் மடங்கிக் கோணலாக இருக்கின்றன. இளம் வயதில் தொழுநோய் கண்டு, நோய் நீங்கிய பிறகும் வெளியே வர முடியாமல் காப்பகத்திலேயே வாழ்க்கையைக் கழித்தவள் அவள். நோயாளிகளைத் தனிமைப்படுத்திய சட்டத்தை ஜப்பான் 1996-ல்தான் நீக்கியது என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு இந்தப் படத்தைப் பார்க்க வேண்டும். கதையில் வரும் காப்பகமும் செட் அன்று. தோக்கியோவின் ஹிகாஷிமுராயாமாவில் உள்ள தமா சென்ஷோஎன் காப்பகத்திலேயே அக்காட்சிகள் எடுக்கப்பட்டன.

அவளும் கடைக்காரரும் விடியுமுன் எழுந்து பூரணம் செய்யும் பகுதியை நீங்கள் துணைத்தலைப்பின்றி மறுபடியும் பார்த்தே ஆக வேண்டும். ஊறிய பயற்றை வேகவைத்து, துவர்ப்பு நீங்க அந்த நீரை வடித்து, மீண்டும் வேகவைத்து, மூடி வைத்துக் காத்திருக்கிறார்கள். கிகி பாத்திரத்தின் மேல் முகத்தைக் குனிந்து, ஆவியின் மணம் மாறுகிறதா என்று கவனிக்கிறார். பாகைச் சேர்த்த உடனே ஏன் கிளறக் கூடாது என்று கேட்கும் கடைக்காரரிடம், பெண் பார்க்க வந்த இடத்தில் பிள்ளையையும் பெண்ணையும் சற்றுத் தனியே பேச விடுவதைப் போலத்தான் இதுவும் என்று தொகுஎ விளக்குகிறாள். ஒப்பனையால் கோணலாக்கப்பட்ட அந்த விரல்கள் துடுப்பைப் பிடிக்கும் விதத்தில் இரக்கத்தைக் கோரும் சாயல் சிறிதும் இல்லை. ஐம்பது ஆண்டுகள் இதே வேலையைச் செய்த ஒருத்தியின் பழக்கம் மட்டுமே தெரிகிறது. என் தாயார் இந்தக் காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தவர், “அந்தம்மா அடுப்பைக் குறைக்கிறதைப் பாரு, நிஜமாவே பூரணம் கிளறித் தெரிஞ்ச கை” என்றார். நான் அதுவரை அடுப்பைக் கவனித்திருக்கவில்லை. கடைக்கு வரும் பள்ளி மாணவியாக நடித்திருப்பவர் கிகியின் சொந்தப் பேத்தி என்பதையும் இங்கே சொல்லிவிடலாம்.

அடுத்தது ‘ஸ்டில் வாக்கிங்’ (2008). ஒரே ஒரு படத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்பவர்களுக்கு நான் இதைத்தான் பரிந்துரைப்பேன். தம் தாய் இறந்த பின் கொரேதா எழுதிய கதை. பல ஆண்டுகளுக்கு முன் இறந்துபோன மூத்த மகன் ஜும்பேயின் நினைவு நாளில் குடும்பம் கூடுகிறது, மறுநாள் கலைகிறது, அவ்வளவுதான். முள்ளங்கியும் கேரட்டும் சீவும் கைகளில் படம் தொடங்குகிறது. சோளக் கதிரிலிருந்து மணிகளை உதிர்த்து, மாவில் தோய்த்து, எண்ணெயில் பொரித்தெடுக்கிறார்கள். மணிகள் வெடிக்கும் ஓசை கேட்டு வீட்டில் உள்ளவர்கள் ஒவ்வொருவராக அடுப்பங்கரைக்கு வருகிறார்கள். இந்தத் தாய் எவ்வளவு கனிவானவள் என்று நினைக்கத் தொடங்குகிறோம். கடலில் மூழ்கவிருந்த ஒரு சிறுவனைக் காப்பாற்றப் போய்த்தான் ஜும்பே இறந்தான். காப்பாற்றப்பட்டவன் இப்போது உடல் பருத்த, எங்கும் காலூன்றாத ஓர் இளைஞன். ஆண்டுதோறும் நினைவு நாளுக்கு அவனை அழைக்கிறார்கள். அவன் கூசிக் குறுகி உட்கார்ந்திருப்பதைக் கண்ட இளைய மகன், இனி அவனை அழைக்க வேண்டாமே என்று இரவில் தாயிடம் சொல்கிறான். பின்னல் வேலையைக் கையில் வைத்துக்கொண்டு, அதற்காகத்தான் அழைக்கிறேன், அவன் மறந்துவிடக் கூடாது என்கிறாள் தாய். குரல் உயரவில்லை, முகத்தில் வெறுப்பும் இல்லை. காலையில் சோளம் உதிர்த்த அதே விரல்கள்தாம். சற்று நேரத்துக்கெல்லாம் ஒரு மஞ்சள் வண்ணத்துப்பூச்சி வீட்டுக்குள் நுழைய, அதுதான் ஜும்பே என்று நம்பி அதன் பின்னால் கையை நீட்டிக்கொண்டு போகிறாள். கொடுமையும் பேதைமையும் பாசமும் ஒரே பெண்ணிடம், ஒரே இரவில், எந்த அறிவிப்பும் இல்லாமல் மாறி மாறி வருவதை இப்படி நடித்துக் காட்டிய வேறொருவரை நான் பார்த்ததில்லை.

இந்தப் படங்கள் எல்லாவற்றிலும் நடித்தபோது அவர் நோயாளி. 2003-ல் விழித்திரை விலகி இடக்கண் பார்வை போயிற்று. 2005-ல் மார்பகப் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டார். ‘க்ரானிகிள் ஆஃப் மை மதர்’ படத்தில் நினைவு மங்கிவரும் தாயாக நடித்ததற்காக 2013-ல் ஜப்பான் அகாடமியின் சிறந்த நடிகை விருதைப் பெற்றபோது, புற்றுநோய் உடல் முழுவதும் பரவியிருப்பதை அந்த மேடையிலேயே அறிவித்தார். அதன் பிறகுதான் ‘ஸ்வீட் பீன்’ வந்தது, ‘ஷாப்லிஃப்டர்ஸ்’ வந்தது. பிற்காலத்தில் மேலாளரோ முகவர் நிறுவனமோ அவருக்குக் கிடையாது; வாய்ப்பு தர விரும்பியவர்கள் அவருடைய வீட்டுத் தொலைபேசியில் குரலைப் பதிவுசெய்தோ தொலைநகல் அனுப்பியோதான் தொடர்புகொள்ள வேண்டும். எந்தக் கதையை ஏற்பது என்பதை அவரே படித்து, அவரே முடிவு செய்தார். நோயைப் பற்றிய செய்திகளை முன்வைத்து அவருடைய நடிப்பை எடை போடுவதை நான் விரும்புவதில்லை. எனினும், கடைசிப் பத்தாண்டுகளில் வீணான படங்கள் ஏன் குறைவு என்று கேட்பவர்களுக்கு இந்த ஏற்பாட்டைத்தான் காரணமாகச் சொல்வேன்.

இனித் தொலைக்காட்சிக்குப் போகலாம். இங்கே வழி சற்றுக் கரடுமுரடானது. பழைய தொடர்கள் பலவற்றுக்கு ஆங்கிலத் துணைத்தலைப்பு கிடைப்பதில்லை. முதலில் 1980-ஆம் ஆண்டின் புஜிஃபிலிம் விளம்பரத்தைத் தேடிப் பாருங்கள். ஒரு நிமிடம்கூட ஆகாது. புகைப்படக் கடைக்கு வரும் வாடிக்கையாளராகக் கிகி. அழகானவர்கள் மேலும் அழகாகத் தெரிவார்கள் என்று கடைப்பெண் சொல்ல, அப்படி இல்லாதவர்கள் என்று இவர் கேட்க, அவரவர்க்கு ஏற்றபடி தெரிவார்கள் என்று பதில் வருகிறது. அழகில்லாதவர்களும் அழகாகத் தெரிவார்கள் என்றுதான் முதலில் எழுதப்பட்டிருந்தது. அது பொய் என்று கிகி சொன்னதால் வசனம் மாறியது. நாடெங்கும் பேசப்பட்ட விளம்பரம் அது.

ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்எச்கே 1961 முதல் காலையில் ஒளிபரப்பிவரும் ‘அசதொரா’ தொடர்கள், ஒரு நாளைக்குப் பதினைந்து நிமிடம் என்ற அளவில் பெரும்பாலும் ஆறு மாதங்கள் ஓடுபவை. நம்மில் சிலருக்குத் தெரிந்த ‘ஓஷின்’ அந்த வரிசையில் ஓர் ஆண்டு முழுவதும் ஓடியது. 1986-ல் வந்த ‘ஹனேகொன்மா’ என்ற தொடரில் நாயகியின் தாயாகக் கிகி நடித்தார். கிடைத்தால் சில அத்தியாயங்கள் பாருங்கள். முழுவதையும் பார்க்கக் கட்டாயமில்லை.

இவற்றுக்கெல்லாம் முன்பு, 1961-ல், அவர் புங்ககுசா என்ற நாடகக் குழுவின் பயிற்சிப் பள்ளியில் சேர்ந்தார். அக்குழுவின் தலைசிறந்த நடிகையான ஹருகோ சுகிமுராவுக்கு உதவியாளராகவும் இருந்தார். ‘தோக்கியோ ஸ்டோரி’ (1953) திரைப்படத்தில் பெற்றோரிடம் சிடுசிடுக்கும் மூத்த மகளாக வருபவரே சுகிமுரா. அவர் வேலைக்கிடையே பேசும் விதத்தைப் பார்த்தால், கிகியின் கைகள் எந்தப் பள்ளியில் பயின்றவை என்பது விளங்கும். 1964-ல் டிபிஎஸ் தொலைக்காட்சியின் ‘ஷிசினின் நோ மகோ’ தொடரில் ஹிசாயா மொரிஷிகேயுடன் நடித்தபோது, எழுதப்பட்ட வசனத்தை விட்டு விலகி அந்த நேரத்துக்கு ஏற்பப் பேசிச் சமாளிக்கும் பயிற்சியும் அவருக்கு வாய்த்தது.

பயணத்தை ‘தெராவுசி கந்தாரோ இக்கா’வில் முடித்துக்கொள்ளுங்கள். குனிகோ முகோதா எழுதி, டிபிஎஸ் 1974-ல் 39 அத்தியாயங்களாக ஒளிபரப்பிய இந்தக் குடும்பத் தொடர், தோக்கியோவின் யானகா பகுதியில் கல் தச்சுத் தொழில் செய்யும் ஒரு முன்கோபக்காரரின் வீட்டில் நடக்கிறது. அந்த முன்கோபக்காரரின் தாயாக, கின் என்ற பாட்டியாக நடித்தவர் கிகி. முதல் அத்தியாயம் ஒளிபரப்பான ஜனவரி 16-க்கு முதல் நாள்தான் அவருக்கு 31 வயது நிரம்பியிருந்தது. மகனாக நடித்த இசையமைப்பாளர் அசெய் கொபயாஷி அவரைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்தவர். ஜப்பானில் இது டிவிடியாக வந்திருக்கிறது. மொழி புரியாவிட்டாலும், கந்தாரோ மேசையைப் புரட்டிப் போட, வீட்டார் உருண்டு புரளும் சண்டைகளுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படாது. பாட்டி தம் அறைச் சுவரில் ஒட்டிவைத்திருக்கும் பாடகர் கென்ஜி சவாதாவின் படத்தின் முன் நின்று, உடலை நெளித்து “ஜூலீ!” என்று கூவும் இடத்தில் படத்தை நிறுத்திக் கைகளைப் பாருங்கள். முடியை வெளுக்க வைத்து, முதுகை வளைத்து, நடையை மாற்றிக்கொண்டவருக்குக் கைகளின் இளமையை மட்டும் மறைக்க வழியில்லை. அதனால் விரல் நுனிகள் மட்டும் வெளியே தெரியும் கையுறைகளைத் தொடர் முழுவதும் அணிந்திருக்கிறார்.