தொடர் எழுத வருபவர்கள் சறுக்கும் இடங்கள்

தொலைக்காட்சித் தொடருக்கு எழுத வருபவர்கள் பெரும்பாலும் ஒரு நல்ல கதையோடு வருகிறார்கள். அது போதாது. சினிமாக் கதை முடிவை நோக்கி ஓடும். தொடருக்கு நூறு எபிசோடு தாண்டியும் தீராத ஒரு சிக்கல் வேண்டும். மாமனாரின் மோசடியை மருமகள் கண்டுபிடிக்கிறாள் என்பது ஒரு சம்பவம்தான். சொல்லிவிட்டால் மறுநாள் கதை நின்றுவிடும். அந்த மாமனாரின் பணத்தில்தான் அவளுடைய தம்பி படிக்கிறான் என்று வையுங்கள். பேசுவதா, பொறுப்பதா என்று அவள் தினமும் முடிவெடுக்க வேண்டும். காட்சிகள் அங்கிருந்துதான் பிறக்கும். இதை யோசிக்காமல் தொடங்கியவர்கள்தான் பாதியில் விபத்து, நினைவிழப்பு, ஆள்மாறாட்டம் என்று அலைகிறார்கள்.

அடுத்த தவறு, எல்லாம் தன் கையில் என்று நினைப்பது. தினசரித் தொடரில் கதை, திரைக்கதை, வசனம் மூன்றையும் வெவ்வேறு ஆட்கள் எழுதுவது சாதாரணம். எந்த ரகசியம் யாருக்கு, எந்த எபிசோடில் தெரிந்தது என்று குறித்து வைக்காவிட்டால், தெரிந்த விஷயத்துக்கே ஒரு பாத்திரம் மறுபடியும் அதிர்ச்சியாகும். பார்க்கிறவர்கள் அதை உடனே பிடித்துவிடுவார்கள். அப்புறம் அந்தப் பாத்திரத்தின் கண்ணீரையும் நம்பமாட்டார்கள்.

செலவையும் மறக்கக் கூடாது. விளம்பரம் போக அரை மணி நேரத் தொடரில் கதைக்குக் கிடைப்பது சுமார் 22 நிமிடம். அதற்குள் இரவு மழை, கல்யாணக் கூட்டம், புது லொக்கேஷன் எல்லாம் எழுதினால் படப்பிடிப்பில் முதலில் வெட்டுப்படுவது அவைதான். இருக்கிற கூடத்திலும் சமையலறையிலும் பதற்றத்தைக் கொண்டுவரத் தெரிந்தவரைத்தான் மறுபடி கூப்பிடுவார்கள்.

ஒப்பந்தத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போடுவதுதான் இருப்பதிலேயே மோசமான தவறு. காப்புரிமை வெறும் யோசனைக்குக் கிடையாது, எழுதிய வடிவத்துக்குத்தான். அதனால் வாயால் மட்டும் கதை சொல்லிவிட்டு வராதீர்கள். எழுதி, தேதியோடு அனுப்புங்கள். 2023இல் அமெரிக்கத் திரை, தொலைக்காட்சி எழுத்தாளர்கள் 148 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். சம்பளம் மட்டுமல்ல, ஒரு தொடருக்கு எத்தனை எழுத்தாளர்கள் வேண்டும், செயற்கை நுண்ணறிவை எதுவரை பயன்படுத்தலாம் என்பதும் அதில் கோரிக்கைகள். சங்க பலம் இல்லாத புதியவர் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். டைட்டிலில் பெயர் எப்படி வரும், எழுதிய எபிசோடு படமாகாவிட்டால் பணம் உண்டா, பாதியில் ஆளை மாற்றினால் என்ன கிடைக்கும் என்பதையெல்லாம் முதல் காட்சி எழுதும் முன்பே கேட்டு, எழுத்தில் வாங்கிவிடுங்கள்.