முட்டுத்துணியை வெயிலில் காயப்போடுவது எப்படி

மாதவிடாய்க்குத் துணி வைப்பதில் தப்பில்லை. சரியாகக் காயாத துணியால்தான் அரிப்பும் புண்ணும் வருகின்றன. காயாததற்குக் காரணமும் பெரும்பாலும் ஒன்றுதான்: யாரும் பார்த்துவிடக் கூடாதென்று பாவாடைக்கு அடியில் போட்டு உலர்த்துவது.

பழைய சுங்குடிச் சேலையோ வேட்டியோ நல்லது. புதுசு வேண்டாம், கஞ்சி போகாத துணி ஈரத்தை இழுக்காது, சாயமும் இறங்கும். இரண்டடி நீளம், ஓரடி அகலத்தில் வெட்டி ஓரம் தைத்துக்கொள்ளுங்கள். அகலத்தை மூன்றாக மடித்து, நீளத்தைப் பாதியாக மடித்தால் ஆறு அடுக்கு வரும். காய நேரம் வேண்டுமே, அதனால் பத்துத் துணியாவது வேண்டும். கறை தெரியாதென்று கறுப்பை எடுக்காதீர்கள், அழுக்கு போனதா என்பதும் தெரியாது. வெள்ளையில் லேசாகக் கறை நின்றால் பரவாயில்லை, அது அழுக்கல்ல.

நாலிலிருந்து ஆறு மணி நேரத்துக்குள் மாற்றுங்கள். கழற்றியதைப் பச்சைத்தண்ணீரில் அரை மணி நேரம் ஊறவைத்தால் போதும். வெந்நீர் முதலில் பட்டால் ரத்தம் நூலில் உறைந்து பிடித்துக்கொள்ளும். ராத்திரி முழுக்க ஊறப்போட்டால் கிருமிதான் வளரும். பிறகு சோப்பு போட்டுத் துவையுங்கள். போர்த் தண்ணீர் உப்பாக இருந்தால் சோப்பு லேசில் போகாது, கூடுதலாக இரண்டு முறை அலசுங்கள். தங்கிய சோப்பும் தோலை அரிக்கும். டெட்டால் வேண்டாம்.

மடிப்பைப் பிரித்து, கொடியில் தனியாக, நேர் வெயிலில் போடுங்கள். விரித்துப் போட்டால் அது ஒரு கைத்துண்டு மாதிரிதான் இருக்கும். இரண்டு துண்டுகளுக்கு நடுவில் போடலாம், அடியில் கூடாது. "தீட்டுத்துணியை வாசல்ல போடுறியே" என்று அத்தை சொன்னால், "மறைச்சுப் போட்டா புண்ணு வருது அத்தை, மாடியில போட்டுக்கிறேன்" என்று சொல்லிப் பாருங்கள். தீட்டைப் பற்றி வாதாடினால் சண்டைதான் மிஞ்சும். புண் என்றால் காது கொடுப்பார்கள். மதுரை மாவட்டத்துக் கூவலப்புரம் போல, மாதவிடாய் நாட்களில் பெண்கள் ஒதுங்கியிருக்க முட்டு வீடு இருக்கிற ஊரில், அங்கேயே வெயில் விழும் பக்கம் ஒரு கொடி கட்டச் சொல்லுங்கள். அந்த வழக்கத்தை எதிர்ப்பது வேறு வேலை, அதுவரைக்கும் துணி காய்ந்தாக வேண்டும்.

ஐப்பசி மழையில் இரண்டு பக்கமும் சூடாக இஸ்திரி போடுங்கள். எரவாணத்தில் செருகாமல் துணிப்பையில் வையுங்கள். பிளாஸ்டிக் பையில் ஈரம் தங்கும்.

அரிப்போ வாடையுள்ள வெள்ளைப்படுதலோ இருந்தால், ஏழு நாளுக்கு மேல் ரத்தப்போக்கு நிற்காவிட்டால், இரண்டு மணி நேரத்துக்கொரு துணி நனைந்தால், ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். நைந்தாலோ விறைத்தாலோ துணியை மாற்றிவிடுங்கள்.