கற்பனை எரிமலை உலகுக்கு ஒரு செடியை உருவாக்குவது எப்படி

பூவின் நிறத்தை அப்புறம் பார்க்கலாம், முதலில் நிலத்தை முடிவு செய்யுங்கள். உருகிய பசால்ட் (கருநிற எரிமலைப் பாறை) குழம்பின் வெப்பம் ஏறத்தாழ 1,100 முதல் 1,200 டிகிரி செல்சியஸ். அதில் எதுவும் முளைக்காது. செடிக்கு உரிய இடம் ஆறிப்போன பாறையின் வெடிப்பு.

அந்தப் பாறையில் இரும்பும் கால்சியமும் மெக்னீசியமும் இருக்கும், செடி வளரத் தேவையான நைட்ரஜன் இருக்காது என்றே சொல்லலாம். பலரும் சறுக்குவது இங்கேதான்: நேற்று ஆறிய பாறையில் இன்று அடர்காடு! வேர்முடிச்சில் நைட்ரஜனைப் பிடித்துத்தரும் பாக்டீரியாவைக் குடிவையுங்கள், இல்லையென்றால் வளர்ச்சியை மந்தமாக்குங்கள்.

நச்சுப்புகைக்கு ஹவாயின் ஓஹியா மரம் நல்ல முன்மாதிரி. எரிமலைப் புகை சூழும்போது அது இலைத்துளைகளை மூடிக்கொள்ளும். ஆனால் துளை மூடினால் கரியமில வாயுவும் உள்ளே போகாது. ஆகவே உங்கள் செடி புகை நாட்களில் வளரவே கூடாது. தண்டை வெட்டினால் அந்த நாட்கள் நெருக்கமான வளையங்களாகத் தெரியட்டும். ஓஹியாவின் விதை தூசிபோல நுண்ணியது, காற்றே அதைப் புதுப்பாறைக்குக் கொண்டுசேர்க்கிறது. கனமான விதை வைத்தால் சுமக்க ஒரு பறவையையும் நீங்களே படைக்கவேண்டும்.

சுடும் வெயிலுக்கு, ஹவாயின் ஹலேயகலா எரிமலையில் வளரும் வெள்ளிவாள் செடியைப் பாருங்கள்: இலையெங்கும் வெள்ளி மயிர், பல ஆண்டுகள் காத்திருந்து ஒரே முறை பூத்து மடியும்.

தண்ணீருக்கு முன்மாதிரி ஸ்பெயினின் லான்சரோட் தீவு. 1730–1736 எரிமலை வெடிப்பு கொட்டிய கருஞ்சரளையில் குழி தோண்டித் திராட்சை நடுகிறார்கள். சரளை ஈரத்தைக் காக்கிறது, அரைவட்டக் கல்சுவர் காற்றைத் தடுக்கிறது. உங்கள் உலகத்து உழவர்களுக்கும் இதையே கொடுங்கள்.