ஓங்கோவாங்கா: உப்பு விளைந்த ஊரின் வணிகத்தைத் தோட்டப்புறப் பிள்ளைகளுக்குக் காட்டும் முறை

மலேசியாவின் கெடா மாநிலத்துப் பீடோங் வட்டார ரப்பர் தோட்டங்களில் மாலை வகுப்பு நடத்துவோர், பழங்கால வணிகம் என்றதும் அருகிலுள்ள பழைய துறைமுக வட்டாரமான பூஜாங் பள்ளத்தாக்கோடு நின்றுவிடுகிறோம். அதே பாடத்தை உலகின் மறுகோடியிலுள்ள ஒரு சிற்றூரைக் கொண்டும் நடத்தலாம் என்பதும், பிள்ளைகள் அதை உடனே பற்றிக்கொள்வார்கள் என்பதும் என் அனுபவம். அந்த ஊர் ஓங்கோவாங்கா. இன்றைய கலிபோர்னியாவில், லாஸ் ஏஞ்சலிசுக்குத் தெற்கே ரெடோண்டோ கடற்கரை நகரம் அமைந்துள்ள இடத்தில், அம்மண்ணின் பூர்வகுடிகளான தோங்வா மக்கள் வாழ்ந்த கடலோர ஊர் அது. பெயரின் பொருளே உப்புள்ள இடம் என்பதுதான். கடலுக்கு மிக அருகில் இருந்த உப்பு ஏரியே அவ்வூரின் செல்வம்.

முதலில் நான்கு மாஜோங் தாள்களை (பெரிய வரைதாள்களை) ஒட்டித் தரையில் விரித்து, கடற்கரை, அதற்கு எதிரே ஒரு தீவு, உள்நாட்டு மலை, மலைக்கு அப்பால் பாலைவனம் ஆகியவற்றை மட்டும் வரையுங்கள். ஆண்டுகளை எழுதித் தொடங்க வேண்டாம். நான் முதல்முறை ஸ்பானியர் வருகையிலிருந்து தொடங்கியபோது, அம்மக்களின் கதை வந்தவர்களின் கதையாகவே மாறிப்போயிற்று. மாறாக, எந்த நிலத்தில் எது கிடைக்காது என்று கேளுங்கள். மலையில் உப்பு அரிது, மலையிலும் பாலையிலும் கடல்மீன் இல்லை. கடற்கரையில் மான்தோலும் கருவாலிக் (ஓக் மரக்) கொட்டையும் போதாது. சங்கப் பாடல்களில் உப்பைக் கொடுத்து நெல்லை வாங்கிய உமணரை இவ்விடத்தில் நினைவூட்டினால், மேற்கொண்டு அதிகம் விளக்க வேண்டியிராது.

அடுத்து, வரைபடத்தின்மீது பொருள்களை வையுங்கள். கடற்கரைக்குக் கல்லுப்பும், அருகிலுள்ள மீனவர் ஊரான தஞ்சோங் டாவாயில் வாங்கிய கருவாடும், சிறு சிப்பிகளும் போதும். கருவாலிக் கொட்டைக்குப் பதிலாகப் பால்மரக் காட்டில் பொறுக்கிய ரப்பர் விதைகளையும், பாலைவழி வந்த எரிமலைக் கண்ணாடிக்குப் பதிலாகக் கறுப்புக் கூழாங்கற்களையும் வைக்கலாம். ரப்பர் விதையை யாரும் வாயில் வைக்கக் கூடாது என்று முன்கூட்டியே கண்டிப்பாகச் சொல்லிவிடுங்கள். கருவாலிக் கொட்டையையும் அம்மக்கள் அப்படியே உண்டதில்லை. இடித்து, நீரூற்றி அலசி, கசப்பை நீக்கிய பிறகே கஞ்சியாகக் காய்ச்சினார்கள்.

தீவுக்கு உரிய பொருளைத் தேடுவதில் மட்டும் சிரமம் பாராதீர்கள். தோங்வா மக்கள் பிமு என்று அழைத்த சாந்தா காத்தலினா தீவு, கரையிலிருந்து ஏறத்தாழ 35 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது. அங்கே கிடைத்த மாக்கல்லில் சமையல் பாத்திரங்கள் செய்யப்பட்டுக் கரைக்கும் உள்நாட்டுக்கும் சென்றன. மாக்கல் என்றால் நம் பாட்டிமார் வீட்டுக் கல்சட்டிதான். ஒரு பாட்டியிடம் இரவல் வாங்கி வந்து, பிள்ளைகள் கையால் தடவிப் பார்க்கட்டும்: எண்ணெய் பூசியதுபோன்ற வழவழப்பு, அடியில் உளி ஓடிய வரி, கைக்குத் தெரியும் கனம். நெருப்பில் வைத்தால் எளிதில் வெடிக்காது என்பதையும், இறக்கிய பிறகும் வெகுநேரம் சூடு தாங்கும் என்பதையும் அந்தப் பாட்டியே வந்து சொன்னால் இன்னும் சிறப்பு. பிமுவின் பாறைகளில், பாத்திரத்துக்காகக் கல்லை வட்டமாக வெட்டியெடுத்த தழும்புகள் இன்றும் காணப்படுகின்றன.

இனி விளையாட்டு. பிள்ளைகளைத் தீவு, கடற்கரை, மலை, பாலை என்று நான்கு குழுக்களாகப் பிரித்துப் பண்டமாற்று செய்யச் சொல்லுங்கள். தீவுக்குழு தரையில் விரித்த ஒரு பாயில் அமர்ந்துதான் கடலைக் கடக்க வேண்டும். அந்தப் பாய்தான் தோங்வா மக்களின் திஆத் படகுக்கு ஈடு. திஆத் என்பது பலகைகளைத் துளையிட்டு, நார்க்கயிற்றால் பிணைத்து, இடுக்குகளில் இயற்கைத் தார் பூசிக் கட்டிய படகு. ஆணியில்லாமல் தைத்த படகுகள் சோழமண்டலக் கரையிலும் இருந்தன என்பதை ஒரு வரியில் சொன்னால் போதும். கொடுக்கல் வாங்கல் சிக்கும்போது சிப்பி மணிச்சரத்தைப் பணமாக அறிமுகப்படுத்துங்கள். தோங்வா மக்கள் சரத்தின் நீளத்தைக் கையைச் சுற்றி அளந்தார்கள். பிள்ளைகளும் அவ்வாறே அளக்கட்டும். யாருடைய கையால் அளப்பது என்ற வழக்கு கட்டாயம் எழும். அதைத் தடுக்க வேண்டாம், அவர்களே பேசித் தீர்க்கட்டும்.

ஆண்டுகளுக்கு இதற்குப் பிறகே இடம் கொடுங்கள். 1542 அக்டோபரில் ஸ்பானியக் கடலோடி கப்ரியோவின் கப்பல்கள் பிமுவை அடைந்தன. 1771-இல் ஸ்பானியரின் சான் கப்ரியேல் கிறித்துவ மறைப்பணித் தளம் நிறுவப்பட்ட பின், ஊர்கள் கலைந்து வணிகப் பாதைகள் அறுந்தன. 1850-களில் அந்த ஏரிக்கரையில் வேறு கைகள் உப்பாலை கட்டின. 1879-இல் மட்டும் அங்கே 450 டன் உப்பு எடுக்கப்பட்டது. ஊரிழந்து போனவர்களின் பேரப்பிள்ளைகளாகிய நம் மாணவர்கள் இந்த இடத்தில் அமைதியாகிவிடுவார்கள். அவசரப்படுத்தாதீர்கள்.

பிள்ளைகளுக்கு இறகுத் தொப்பி அணிவித்து வேடம் போடச் செய்ய வேண்டாம். தோங்வா மக்கள் இன்றும் அதே மண்ணில் வாழ்கிறார்கள். ஆகவே அவர்களைப் பற்றி நிகழ்காலத்திலும் பேசுங்கள். 1990-களில் அவர்கள் மீண்டும் ஒரு திஆத் கட்டிக் கடலில் இறக்கினார்கள். அதன் பெயர் மூமாட் அஹிக்கோ, கடலின் மூச்சு என்று பொருள். பாயைச் சுருட்டும் முன் அந்தப் பெயரை அதன்மேல் ஒரு தாளில் எழுதி ஒட்டுங்கள்.